குடிக்காமல் வைத்த கோப்பை

மஜ்லிஸில் விருந்தாளிகளுக்குக் காப்பி ஊற்றுகிற வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பிகள் கேட்டார்கள் என்பதற்காக இதை எழுதுகிறேன். அந்தக் கஹ்வாவை எப்படிக் காய்ச்சுவது, ஏலக்காய் எவ்வளவு தட்டிப் போடுவது என்பதெல்லாம் உங்கள் சூப்பர்வைசரே சொல்லித் தந்துவிடுவார். அதற்கு நான் தேவையில்லை. பெரிய மனிதர்கள் கூடி உட்கார்ந்திருக்கிற அறையில், அவர்களுக்கு நடுவே ஏதோ ஒன்று உடையப்போகிறது என்று நம் வயிற்றுக்குத் தெரிந்துவிடும். அந்த நேரத்தில் கையில் காப்பியோடு நிற்கிறவன் என்ன செய்ய வேண்டும்? அதை யாரும் சொல்லித் தரமாட்டார்கள். எனக்கும் முழுசாகத் தெரியாது. நடந்ததைச் சொல்கிறேன், நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் பயந்த ஆள். கேஸை அணைத்தோமா என்று பாதி வழியிலிருந்து திரும்பிப் போய்ப் பார்க்கிறவன். விசா புதுப்பிக்க பாஸ்போர்ட்டைக் கொடுத்தால் அது கைக்குத் திரும்புகிறவரை எனக்குச் சோறு இறங்காது. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் ஆகையால், படித்தவர்கள் குரலைத் தாழ்த்திப் பேசினால் என்னைப் பற்றித்தான் பேசுகிறார்கள் என்று நினைப்பேன். இது போதாதென்று பொறாமை வேறு. எங்கள் கன்னியாகுமரிக் கடற்கரையில் பக்கத்து வள்ளத்தில் மீன் விழுந்தால் நம் வள்ளத்தில் எல்லோருக்கும் வயிறு எரியும். அந்த எரிச்சலை நான் விமானத்தில் ஏற்றி ஷார்ஜா வரைக்கும் கொண்டுவந்தேன்.

நான் வேலை பார்த்தது ஓர் அரபு முதலாளி வீட்டில், அர்பாப் என்றுதான் கூப்பிடுவோம். அல் கூஸில் அவருக்கு அச்சகமும் புத்தகக் கிடங்கும் இருந்தன. வருமானம் வேறு வியாபாரத்தில். அச்சகம் அவருடைய ஆசைக்கு. வியாழக்கிழமை மாலை, அஸர் தொழுகை முடிந்ததும், ஷார்ஜா வீட்டின் மஜ்லிஸில் எழுத்தாளர்கள் கூடுவார்கள். வேறு வேறு அரபு நாட்டுக்காரர்கள். அவரவர் நாட்டில் ஜனங்கள் தெருவில் இறங்கி, ஆட்சி ஆடி, சில இடத்தில் விழுந்து, சில இடத்தில் விழாமல் இன்னும் கெட்டியாகி, அந்தக் குழப்பத்தில் இங்கே வந்து ஒதுங்கினவர்கள். கதை எழுதுகிறவர், காலேஜில் பாடம் எடுத்தவர், டிவியில் சத்தம் போடுகிறவர் என்று பல வகை. எல்லோரையும் 'உஸ்தாத்' என்றுதான் கூப்பிடுவோம். வாத்தியார் என்று அர்த்தம்.

அவர்களில் மூத்தவர் உஸ்தாத் மர்வான். பெரிய உடம்பு, அதைவிடப் பெரிய குரல். அர்பாப் நடத்திய பத்திரிகைக்கு அவர்தான் ஆசிரியர். அர்பாபின் வலது பக்கத்து இருக்கை அவருடையது, அவர் வராத வாரத்திலும் அதில் யாரும் உட்காரமாட்டார்கள். அவருடைய நாட்டின் பெயரை நான் எழுதப்போவதில்லை. அங்கே இன்னும் அவருக்கு ஆட்கள் இருக்கிறார்கள். நான்தான் பயந்த ஆள் என்று சொன்னேனே.

ஒரு வியாழக்கிழமை மர்வான், ஊரில் தன் வீட்டுப் புத்தக அறை எரிந்துபோனதைப் பற்றிச் சொன்னார். எந்த அலமாரியில் எந்தப் புத்தகம் இருந்தது என்று கண்ணை மூடிக்கொண்டு சொன்னார். அறை முழுக்க அழுதது. அர்பாபே தலைத்துணியின் நுனியால் கண்ணைத் துடைத்தார். அந்த வாரம்தான் என் தங்கை புருஷன் கடலுக்குப் போய்ப் புயலில் திரும்பி வரவில்லை. வீட்டிலிருந்து போன் வந்து, நான் முகம் கழுவிக்கொண்டு டியூட்டிக்கு வந்திருந்தேன். அழுகிற ஆட்களுக்கு நடுவே குனிந்து குனிந்து காப்பி ஊற்றினேன். என் கண்ணும் சிவந்துதான் இருந்தது. மர்வானுக்காக அழுகிறேன் என்று நினைத்து ஒருவர் என் தோளைத் தட்டினார்.

அந்த அழுகையைப் பார்த்து எனக்குப் பொறாமை வந்தது, தம்பிகளே. சொன்னால் கேவலமாக இருக்கும், இருந்தாலும் சொல்கிறேன். அவர்கள் ஊரை விட்டு வந்ததற்கு அரபியில் பெரிய பெரிய வார்த்தைகள் இருக்கின்றன. நாம் ஊரை விட்டு வந்ததற்கு 'லீவு எப்போ?' என்ற ஒரு கேள்விதான் இருக்கிறது. அவர்கள் இழந்ததைக் கேட்க வியாழக்கிழமைதோறும் ஆள் கூடுகிறது.

இப்படி இருக்கும்போதுதான் யூசுஃப் வந்தார்.

அவர் மர்வானின் ஊர்க்காரர், ஒரே தெரு, ஒரே வயது. இருவரும் சேர்ந்துதான் எழுத ஆரம்பித்தார்களாம். நாட்டில் குழப்பம் தொடங்கியபோது மர்வான் புறப்பட்டு வந்துவிட்டார். யூசுஃப் அங்கேயே இருந்து எழுதி, பிடிபட்டு, சிறையில் கிடந்து, ஒருவழியாக வெளியே வந்து, விசிட் விசாவில் இங்கே இறங்கியிருந்தார். அவர் போட்டிருந்த கோட்டு அவருடையதில்லை, கை விரல் வரைக்கும் தொங்கியது. ஒரு பழக்கம் அவரிடம் இருந்தது. மூடிய கதவின் முன்னால் வந்தால் கைப்பிடியைத் தொடமாட்டார். யாராவது திறக்கும்வரை அப்படியே நிற்பார்.

அவர் வந்த முதல் நாள் அர்பாப் எழுந்து வாசல்வரை போய்க் கூட்டிவந்தார். மர்வானுக்கு அர்பாப் எழுந்து பார்த்ததில்லை நான். எனக்கே சுருக்கென்றது என்றால் மர்வானுக்கு எப்படி இருந்திருக்கும்? அன்றைக்கு எல்லோரும் யூசுஃபைச் சுற்றி உட்கார்ந்து, சிறை எப்படி இருந்தது என்று கேட்டார்கள்.

"குளிர்," என்றார் யூசுஃப். அவ்வளவுதான்.

அந்த ஒரு வார்த்தைக்கு அறை அப்படியே அடங்கிப்போனது. மர்வான் எழுந்து சமையல்கட்டுப் பக்கம் வந்தார். அவர் அடிக்கடி அங்கே வருவார், பின்வாசலில் நின்று சிகரெட் பிடிக்க. அரபியும் இந்தியும் இங்கிலீஷும் கலந்து என்னோடு பேசுவார்.

"பார்த்தாயா, சேவியர்? நான் இத்தனை வருஷமாகப் பேசிக்கொண்டிருக்கிறேன். அவன் ஒரே வார்த்தை சொன்னான். ஃகலாஸ், எல்லாம் முடிந்தது!"

"பாவம் உஸ்தாத், ரொம்பக் கஷ்டப்பட்டிருப்பார்," என்றேன்.

"கஷ்டப்பட்டான். வல்லாஹி, கஷ்டப்பட்டான்." புகையை விட்டார். "உனக்குத் தெரியுமா, நான் கிளம்பி வந்த பிறகு என்னைத் தேடி யாரும் வரவில்லை. வீட்டுக் கதவைக்கூட ஒருத்தன் தட்டவில்லை. நான் பயந்து ஓடி வந்தேன், அவர்களுக்கு நான் போனதே தெரியாது."

இதைச் சொல்லிவிட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பு எனக்கு நன்றாகத் தெரிந்த சிரிப்பு. பக்கத்து வள்ளம் கரைக்கு வரும்போது எங்கள் ஆட்கள் சிரிக்கிற சிரிப்பு. சிறைக்குப் போனவனைப் பார்த்து ஒரு மனுஷன் வயிறெரிகிறான்! உலகத்தில் என்னவெல்லாம் இருக்கிறது என்று அன்றைக்கு நினைத்தேன்.

என் வயிறு வேறு காரணத்துக்கு எரிந்துகொண்டிருந்தது. என்னோடு ஊற்றுகிற வேலையில் பஷீர் என்று ஒரு மலையாளி சேர்ந்திருந்தான். பொன்னானிக்காரன். துறுதுறுவென்று இருப்பான், அரபி அவன் வாயில் தண்ணீராக ஓடும். மஜ்லிஸ் கதவு முன்னால் யூசுஃப் நின்றால் ஓடிப்போய்த் திறந்துவிடுவான். அப்படியே பழக்கமாகிவிட்டது. யூசுஃப் அவனுடைய பிள்ளைகள் பெயரைக் கேட்டுத் தெரிந்துகொண்டார். மலையாளத்தில் 'சுகமாணோ' என்று விசாரிக்கவும் படித்துக்கொண்டார். அத்தனை வருடமாக அந்த அறையில் குனிகிறேன், என் பிள்ளைகளின் பெயரை ஒருவர் கேட்டதில்லை. இவன் வந்து சில மாதம்தான்.

"சேட்டன் எந்தா முகம் வீர்ப்பிச்சு நிக்குந்நது?" என்று பஷீர் கிண்டல் செய்வான், நான் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருப்பதைப் பார்த்து.

"போலே. வேலையப் பாரு," என்பேன்.

யூசுஃபின் விசிட் விசா முடியப்போகிறது என்று பேச்சு வந்தது. முடிந்தால் வெளியே போக வேண்டும். வேறு எந்த நாடும் அவருக்கு விசா தரத் தயாராக இல்லை. திரும்பிப் போனால் என்ன ஆகும் என்று எல்லோருக்கும் தெரியும், யாரும் வாயால் சொல்லவில்லை. வழி ஒன்றுதான். அர்பாப் கஃபீலாக, ஜாமீன் மாதிரி நின்று, அச்சகத்தில் ஒரு வேலை கொடுத்து, விசா அடிக்க வேண்டும்.

அர்பாப் கெட்டவர் இல்லை. ஆனால் ஒருவருக்குக் கஃபீலாக நிற்பது என்றால், அந்த ஆள் என்ன பேசுவார், என்ன எழுதுவார் என்பதற்கும் சேர்த்து நிற்பது. அவர் வீட்டார் வேண்டாம் என்றார்களாம். ஒரு மாலை மற்றவர்கள் வருவதற்கு முன்னால் அர்பாப் மர்வானைக் கூப்பிட்டு உட்கார வைத்துக் கேட்டார். நான் பக்கத்தில் காப்பியோடு நின்றேன். நம்மை அங்கே யாரும் ஆள் என்று கணக்கில் வைப்பதில்லை, அதனால் நமக்கு எல்லாம் கேட்கும்.

"உன் ஊர்க்காரன். நீ சொல். எப்படிப்பட்டவன்?"

"எங்கள் தலைமுறையிலேயே நல்ல எழுத்தாளன்," என்றார் மர்வான், கையை நெஞ்சில் வைத்து. "நேர்மையானவன். ஒன்றுதான், வாயை அடக்கத் தெரியாது. அதற்காகத்தானே எல்லோரும் அவனை இப்படி விரும்புகிறோம்."

அர்பாப் தாடியைத் தடவினார். முடிந்தது. மர்வான் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை, கவனியுங்கள். நம்முடைய ரூமில் நடப்பதுதான். 'பையன் பயங்கர வேலைக்காரன் சார், கொஞ்சம் கோபம் மட்டும் வரும்' என்று போர்மேனிடம் ஒருவன் சொல்வான். அந்தப் பையனுக்கு அந்த வருடம் பிரமோஷன் கிடையாது. புகழ்ந்துகொண்டே புதைப்பதற்குப் படிப்பு தேவையில்லை, படித்தவர்கள் அதைக் கொஞ்சம் அழகாகச் செய்வார்கள்.

அடுத்து நடந்தது புரிய வேண்டுமானால் இந்த ஊர்ப் பழக்கம் ஒன்றை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். பஷீர் வருவதற்கு வெகுநாள் முன்னால், மலைப் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் அந்த வீட்டுக்கு வந்தார். காப்பி கொடுத்தேன். வாங்கினார், குடிக்கவில்லை, முன்னால் இருந்த சின்ன மேஜையில் வைத்துவிட்டார். சூடு போதவில்லையோ, கோப்பையில் தூசி விழுந்துவிட்டதோ என்று எனக்கு வேர்த்துவிட்டது. அர்பாப் அதைப் பார்த்துச் சிரித்தார். "உங்கள் காப்பியைக் குடியுங்கள். நீங்கள் கேட்க வந்தது நடந்ததாக வைத்துக்கொள்ளுங்கள்," என்றார். பெரியவர் ஒரே மடக்கில் குடித்தார். அர்பாபின் அண்ணன் மகளைத் தன் பையனுக்குப் பெண் கேட்க வந்திருந்தாராம். விருந்தாளி கோப்பையைக் குடிக்காமல் வைத்தால் அவர் ஏதோ கேட்க வந்திருக்கிறார் என்று பொருள். 'குடியுங்கள்' என்று வீட்டுக்காரர் சொல்லிவிட்டால், கேட்டது கிடைத்த மாதிரி. வீட்டுக்காரர் அதைக் கண்டுகொள்ளவில்லை என்றால் விருந்தாளி குடிக்காமலே எழுந்து போவார். அதைவிடப் பெரிய அவமானம் இரண்டு பேருக்கும் இல்லை.

நம் ஆட்களுக்கு இது தெரியாது. விருந்தாளி முன்னால் காப்பி ஆறிக் கிடந்தால் நமக்கு மானம் போகிற விஷயம். ஓடிப்போய் எடுத்துவிட்டுச் சூடாக வேறு கொடுப்போம். உபசாரம் என்று நினைத்து ஒரு மனிதனின் கோரிக்கையைக் கையோடு தூக்கிக்கொண்டு போய்விடுவோம்.

விசா முடியப்போகிற வாரத்து வியாழக்கிழமை யூசுஃப் வந்தார். வழக்கம்போல் பஷீர் கதவைத் திறந்துவிட்டான். அர்பாப் இந்த முறை எழுந்திருக்கவில்லை. பேச்சு ஏதோ புத்தகக் கண்காட்சியைப் பற்றி ஓடியது. நான் ஊற்ற ஆரம்பித்தேன். யூசுஃப் கோப்பையை வாங்கினார். எதிரில் இருந்த மேஜையில் வைத்தார். கையை மடியில் போட்டுக்கொண்டார்.

கொஞ்சம் கொஞ்சமாகப் பேச்சு குறைந்தது. எல்லோரும் பார்த்துவிட்டார்கள். அர்பாபும் பார்த்தார். பார்த்துவிட்டு, தன் இடது பக்கம் இருந்தவரிடம் திரும்பி, கண்காட்சியில் ஸ்டால் வாடகை ஏறிவிட்டதைப் பற்றி மும்முரமாகப் பேச ஆரம்பித்தார். அந்த அறையில் அவர் ஒருவர் குரல்தான் கேட்டது. யூசுஃப் அர்பாபைப் பார்க்கவில்லை. கோப்பையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் அர்பாப் பேச்சை நிறுத்தாமலே கண்ணை எங்கள் பக்கம் திருப்பினார். கண் கோப்பைக்குப் போனது, அங்கிருந்து சமையல்கட்டுக் கதவுக்குப் போனது. எடுத்துவிடு என்கிறார். எவ்வளவு கெட்டிக்காரத்தனம் பாருங்கள். ஒன்றும் தெரியாத இந்தியாக்காரன் ஆறின காப்பியை எடுத்துவிட்டான் என்றால் யாருக்கும் மானம் போகாது. அர்பாப் மறுக்கவும் இல்லை, யூசுஃப் கேட்கவும் இல்லை. எல்லாம் நம் முட்டாள்தனத்தின் தலையில் போய்விடும்.

அந்தப் பார்வை எனக்குப் புரிவதற்குள் பஷீருக்குப் புரிந்துவிட்டது. அவனுக்குப் பழக்கம் தெரியாது, பார்வை மட்டும் புரிந்தது. தட்டை எடுத்துக்கொண்டு என் பக்கத்தில் வந்தான்.

"சேட்டா, அந்தக் காப்பி தணுத்துப் போயி. ஞான் எடுக்கட்டே?"

அந்த நிமிஷம் என் மனதில் யூசுஃப் இல்லை, அவருடைய சிறை இல்லை, விசா இல்லை. அர்பாபின் கண்ணை எனக்கு முன்னால் இந்தப் பயல் படித்துவிட்டானே என்பதுதான் இருந்தது. இத்தனை வருடம் அந்தக் கண்ணைப் பார்த்தே பிழைத்தவன் நான்.

"தொடாதலே," என்றேன் பல்லைக் கடித்துக்கொண்டு. "இது எனக்க பக்கம். நீ போயி பேரீச்சம்பழத் தட்டு எடுத்துட்டு வா."

"அர்பாப் நோக்கியல்லோ சேட்டா!"

"என்னையாக்கும் நோக்கினாரு. போ."

அவன் முகம் சுருங்கிப் போனான். அவன் போன பிறகுதான் என்ன செய்துவிட்டேன் என்று எனக்கு உறைத்தது. பஷீரைத் துரத்தியாயிற்று. இனி அந்தக் கோப்பையை எடுக்க வேண்டியவன் நான் மட்டும்தான். பஷீர் எடுத்திருந்தால் தெரியாமல் எடுத்தது. நான் எடுத்தால் தெரிந்தே எடுத்தது. எடுக்காவிட்டால்? என் விசாவும் அந்த மாதம்தான் புதுப்பிக்கக் கிடந்தது. அறுபதை நெருங்கிவிட்டவனுக்கு, வேண்டாம் என்று அர்பாப் ஒரு வார்த்தை சொன்னால் போதும். என் மகள் நர்ஸிங் கடைசி வருடம்.

என் இடது கையில் தல்லா, அதாவது அந்த நீள மூக்குக் காப்பிப் பாத்திரம். வலது கையில் அடுக்கிய கோப்பைகள். இரண்டு கையும் நிறைந்திருக்கிறவனை 'ஏன் எடுக்கவில்லை' என்று யாரும் கேட்க முடியாது. அதுதான் எனக்குத் தோன்றிய ஒரே யோசனை. வீரம் எல்லாம் ஒன்றுமில்லை. அறையின் கடைசிக்குப் போய், அங்கிருந்து ஒவ்வொருவராக ஊற்ற ஆரம்பித்தேன். வாழ்க்கையில் அவ்வளவு மெதுவாக ஊற்றினதே இல்லை. அர்பாபின் கண் என் முதுகில் இருந்தது. நான் திரும்பவில்லை.

தம்பிகளே, முதலாளி கண் காட்டினால் ஓடுவதுதான் நம் தொழில். ஆனால் சில கண் காட்டல்களுக்குக் கொஞ்சம் மெதுவாக நடக்க வேண்டும். மெதுவாக நடந்தால் நடுவில் வேறு யாராவது ஏதாவது செய்வதற்கு இடம் கிடைக்கும். நாமே ஒன்றும் செய்ய வேண்டியதில்லை.

ஊற்றிக்கொண்டே வந்து கடைசியில் மர்வானிடம் வந்து நின்றேன். அவர் முகம் சிவந்திருந்தது. கோப்பையை வாங்கினார். அவர் எப்போதும் கொதிக்கக் கொதிக்கக் குடிப்பவர். உதடு வரைக்கும் கொண்டுபோனார். யூசுஃபைப் பார்த்தார். நான் கெஞ்சுகிற மாதிரி பார்த்தேனோ என்னவோ, என்னையும் ஒருமுறை பார்த்தார். பிறகு எழுந்து, அந்தப் பெரிய உடம்பைத் தூக்கிக்கொண்டு அறையைக் கடந்து போய், யூசுஃபின் கோப்பைக்குப் பக்கத்தில் தன் கோப்பையை டக்கென்று வைத்தார்.

ஸ்டால் வாடகைப் பேச்சு நின்றது.

"மர்வான்? உனக்கு என்ன வேண்டும்?" என்றார் அர்பாப்.

"இவன் கேட்பதுதான்."

"இவர் இன்னும் ஒன்றும் கேட்கவில்லையே."

"அதுதான் இவன் திமிர்! சின்ன வயதிலிருந்தே இப்படித்தான். இவன் வாயைத் திறக்கமாட்டான், நான் கேட்டு வாங்கித் தர வேண்டும்."

இரண்டு பேர் சிரித்தார்கள். அர்பாப் சிரிக்கவில்லை. "நீதானே என்னிடம் சொன்னாய், வாயை அடக்கத் தெரியாது என்று?"

அறை முழுக்க அதைக் கேட்டது. யூசுஃபும் கேட்டார். மெதுவாகத் தலையைத் தூக்கி மர்வானைப் பார்த்தார். மர்வானின் கழுத்து நரம்பு புடைத்தது. நானாக இருந்திருந்தால் அந்த இடத்திலேயே பூமிக்குள் போயிருப்பேன்.

"சொன்னேன்," என்றார் மர்வான். "இப்போதும் சொல்கிறேன். அச்சகத்தில் என் மேஜைக்கு எதிரே இவனுக்கு ஒரு மேஜை போடுங்கள். இவன் எழுதுவதை முதலில் நான் படிக்கிறேன். ஏதாவது தப்பு வந்தால் என்னையும் சேர்த்து அனுப்பிவிடுங்கள்."

அர்பாப் இரண்டு கோப்பைகளையும் பார்த்தார். ஒன்றில் இன்னும் ஆவி போய்க்கொண்டிருந்தது. ஒரு கோப்பையைக் காணாமல் விடலாம். ஊரறிய வலது பக்கம் உட்கார்ந்திருக்கிறவருடைய கோப்பையை எப்படிக் காணாமல் விடுவது? பெருமூச்சு விட்டார்.

"குடியுங்கள்," என்றார். "இரண்டு பேரும் குடியுங்கள்."

யூசுஃப் இரண்டு கையாலும் கோப்பையைத் தூக்கினார். ஆறிப்போன கஹ்வா கசக்கும். கடைசிச் சொட்டு வரை குடித்தார். பஷீர் பேரீச்சம்பழத் தட்டோடு வாசலில் நின்று, என்ன நடக்கிறது என்று தெரியாமல் விழித்துக்கொண்டிருந்தான்.

கூட்டம் கலைகிறபோது அர்பாப் என் பக்கத்தில் வந்து நின்றார். "சேவியர், இன்றைக்கு ரொம்ப மெதுவாக ஊற்றினாய்," என்றார்.

"வயசாயிடுச்சு, அர்பாப்," என்றேன்.

"ம்," என்றார். அந்த 'ம்' என்னை என் விசா கைக்கு வருகிறவரை தூங்கவிடவில்லை. விசா வந்துவிட்டது என்று உங்களுக்குச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நீங்களும் கவலைப்படுவீர்கள்.

பஷீர் என்னோடு ஒரு வாரம் பேசவில்லை. பிறகு நானே அவனைக் கூப்பிட்டு அந்தப் பழக்கத்தைச் சொன்னேன். நெஞ்சில் கைவைத்துக்கொண்டான். "எண்டே றப்பே! ஞான் எடுத்திருந்நெங்கில்!" என்றான், எடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று. யூசுஃபைக் காப்பாற்றத்தான் நான் அவனைத் தடுத்தேன் என்று இன்றைக்கும் நினைத்துக்கொண்டிருக்கிறான். எல்லோரிடமும் அப்படியே சொல்கிறான். நானும் விட்டுவிட்டேன்.

மர்வானின் விஷயத்துக்கு வருகிறேன். அன்று அவர் கடைசியாகக் கிளம்பினார். வாசலில் உட்கார்ந்து ஷூவுக்குள் காலைத் திணித்துக்கொண்டிருந்தார், வயிறு தடுத்தது. நான் குனிந்து லேஸைக் கட்டத் தொடங்கினேன்.

"உஸ்தாத், நீங்கள் பெரிய மனுஷன்," என்றேன். மனதாரத்தான் சொன்னேன்.

"என்னை நல்லவன் என்று நினைத்துவிடாதே," என்றார். "அவன் திரும்பிப் போயிருந்தால் பிடித்திருப்பார்கள். பிடித்து என்னவாவது ஆகியிருந்தால், அவன் படத்தைத் தெருவெல்லாம் ஒட்டுவார்கள். அவனுக்கு இரங்கல் எழுதச் சொல்லி என்னிடம்தான் வருவார்கள். நான் சாகிறவரை அவனைப் பற்றியே பேச வேண்டும். வேண்டாமப்பா. இங்கேயே இருக்கட்டும். வாடகை கட்டட்டும். டிராஃபிக்கில் நிற்கட்டும். என்னைப்போல் தொப்பை போடட்டும். அப்புறம் பார்க்கலாம், யார் எழுதுகிறான் என்று."

எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். பஷீரைத் துரத்தின என் கையும், கோப்பையை வைத்த அவர் கையும் ஒன்றுதான் என்று தோன்றியது. "அவர் இங்கேயும் நன்றாக எழுதிவிட்டால், உஸ்தாத்?" என்று மட்டும் கேட்டேன்.

கட்டாத லேஸோடு அந்தக் கால் அப்படியே நின்றது. "எழுதுவான்," என்றார். "கழுதை, எழுதத்தான் செய்வான்."

பொறாமைப்படாதீர்கள் என்று நான் உங்களுக்குப் புத்தி சொல்லப்போவதில்லை. ரூமில் எட்டுப் பேர், கிச்சன் ஒன்று, பிரமோஷன் ஒன்று. பொறாமை வரத்தான் செய்யும். வரும்போது அது உங்கள் கையை எங்கே கொண்டுபோகிறது என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். அன்றைக்கு எங்கள் இரண்டு பேருடைய கையும் தற்செயலாக நல்ல பக்கம் போனது. எப்போதும் போகும் என்று சொல்லமாட்டேன்.

வெளியே மர்வானின் காருக்குப் பக்கத்தில் யூசுஃப் நின்றுகொண்டிருந்தார், வழக்கம்போல் கதவைத் தொடாமல். மர்வான் போய் "யல்லா, ஏறு, இளவரசே, இதையும் நானே திறக்க வேண்டுமா?" என்று கத்திக்கொண்டே கதவைத் திறந்துவிட்டார். யூசுஃப் ஏதோ பதில் சொன்னார். மர்வான் கையை ஆட்டினார். யூசுஃப் குரல் உயர்ந்தது. நான் அவர் குரல் உயர்ந்து கேட்டது அதுதான் முதல்முறை. வாயை அடக்கத் தெரியாது என்று சொன்னதற்குத்தான் சண்டை என்று நினைக்கிறேன். கண்ணாடியை ஏற்றின பிறகும் இருவரும் கையை ஆட்டிக்கொண்டிருந்தது தெரிந்தது. கார் வெகுநேரம் கிளம்பவே இல்லை.

நான் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு வயிறு எரிந்தது. அந்த மனுஷனுக்குச் சண்டை போட ஓர் ஊர்க்காரன் கிடைத்துவிட்டான்.